மிகச் சிறிய பின்னம்

மார்க்கர் பேனாவின் மூடியைத் திறந்து நான்கு நிமிடமாயிற்று. ரூபினி வெள்ளைப் பலகையில் ஒரு சொல்கூட எழுதவில்லை. கணித நிரூபணப் பாடத்துக்கு இது மறுதேர்வு. எல்லோர் முன்னாலும் எழுதி விளக்க வேண்டும். இதிலும் தோற்றால் பல்கலைக்கழகத்தை விட்டு மூட்டை கட்டிக்கொண்டு சொந்த ஊரான குளுவாங்குக்குப் போக வேண்டியதுதான்.

"அலமாக், மூடியத் தொறக்கறதுக்கெல்லாம் மார்க் இல்ல லா" என்று தலையிலடித்துக்கொண்டான் பின்வரிசையில் செல்வா. அவனும் மறுதேர்வுக்காரன்தான்.

பூஜ்ஜியத்தைவிடப் பெரிய பின்னங்களில் மிகச் சிறியது என்று ஒன்று கிடையாது. அதை நிரூபிக்க வேண்டும். போன முறை அரை, கால், அரைக்கால் என்று இரண்டு பக்கம் எழுதித் தள்ளியிருந்தாள். 'இன்னும் முடியவில்லையா?' என்று சிவப்பு மையில் கேட்டிருந்தார் பாடம் நடத்தும் டாக்டர் ஜெரால்டின். அப்படியொன்று இருக்கிறதென்று முதலில் பொய்யை ஒப்புக்கொள், அதன் போக்கிலேயே போ, அது தானாக உளறி மாட்டிக்கொள்ளும் என்பது அவர் சொல்லிக்கொடுத்த வழி. ரூபினிக்குப் புரியாமல் இல்லை. கைதான் வரவில்லை. பொய்யோ கெட்டதோ, வாயால் சொன்னால் பலித்துவிடும் என்பது அவள் அம்மா தனலெட்சுமியின் கட்சி. டின்னில் அரிசி தீர்ந்து அடி தெரிந்தாலும் அந்த வீட்டில் "அரிசி நெறைஞ்சிருக்கு" என்றுதான் சொல்ல வேண்டும்.

மூச்சை இழுத்துக்கொண்டு எழுதினாள்: மிகச் சிறிய பின்னம் ஒன்று இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம்.

ஒன்றும் இடிந்து விழவில்லை. மின்விசிறி சுற்றிக்கொண்டிருந்தது. அந்தப் பின்னத்தைப் பாதியாக்கினாள். பாதியும் பின்னம்தான், பூஜ்ஜியத்தைவிடப் பெரியதுதான். ஆனால் மிகச் சிறியதைவிடச் சிறியது! மூன்றே வரி. பொய் செத்துக் கிடந்தது. அவளுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது.

"பாஸ்" என்றார் ஜெரால்டின். "சிரிச்சது போதும், எடத்த விடு."

வராந்தாவுக்கு வந்து அம்மாவைப் போனில் அழைத்தாள்.

"என்னடி ஆச்சு?"

"ஃபெயில்னு வெச்சிக்குவோம்."

"வாயக் கழுவு, கழுத!"

"கேளும்மா. ஃபெயில்னா நான் இப்டி சிரிச்சிக்கிட்டா பேசுவேன்?"

"மாட்ட. மூக்கு ஒழுக அழுவ."

"ஆனா சிரிக்கிறேன்ல?"

"சிரிக்கிற... அழுவல..." என்று மறுமுனையில் அம்மா முணுமுணுத்தாள்.

"அப்ப ஃபெயில் இல்ல" என்றாள் தனலெட்சுமி மெதுவாக. பிறகு அவள் போட்ட கூச்சலில் ரூபினி போனைக் காதிலிருந்து எடுக்க வேண்டியிருந்தது.

"சாயந்தர ரயில்ல வரேம்மா."

"வர்றப்ப அஞ்சு கிலோ வாங்கிட்டு வா. அரிசி..." தனலெட்சுமி நிறுத்தினாள். குரலைத் தாழ்த்திக்கொண்டாள். "அரிசி இல்லடி."

இத்தனை வருஷம் வாயில் வராததைச் சொல்லிவிட்டு, காலி டின்னை விரலால் தட்டினாள். ணங்கென்றது; வேறெதுவும் ஆகவில்லை. இன்னொரு முறை, இன்னும் பலமாகத் தட்டினாள்.