விடியாத 2,116-ஆம் இரவு

2025 பிப்ரவரி 22, சனிக்கிழமை, காலை பத்து மணி ஐந்து நிமிடத்துக்கு, நான்காவது மாடி வீடொன்றின் சாப்பாட்டு மேசையில் இருந்த கணினியில் ஒரு விளையாட்டு பாதியில் நின்றது. அதற்கு முந்தைய பதினெட்டு நாட்களிலும் அது அதே இடத்தில்தான் நின்றிருந்தது.

"பார்த்தீங்களா மாப்பிள்ளை," என்றார் மாமியார். "வானம் லேசா வெளுக்கும். இதோ விடியப்போகுதுன்னு உட்கார்ந்திருப்பேன். பொட்டுனு போயிடும்."

மாப்பிள்ளை லிஃப்ட் மெக்கானிக். கணினிக்கும் அவனுக்கும் இருந்த ஒரே உறவு, பில் அடித்துக் கொடுப்பதுதான். "எங்க வீட்டுக்காரர் பார்த்துடுவார்மா" என்று மனைவி போனில் வாக்குக் கொடுத்தபோது அவன் குளித்துக்கொண்டிருந்தான். தலை துவட்டிக்கொண்டு வந்தவனிடம் விஷயம் முடிவாகவே சொல்லப்பட்டது. பத்தொன்பதாவது மாடியில் சிக்கிய ஆட்களை வெளியே எடுப்பவருக்கு இதெல்லாம் ஒரு வேலையா என்பது அவள் கட்சி.

விளையாட்டு இதுதான். ஆளரவமில்லாத காட்டில் ஒரே ஓர் ஆள். அவர் மரம் வெட்ட வேண்டும், குடிசை போட வேண்டும், கேரட் பயிரிட வேண்டும், குளிரில் விறைக்காமல், ஓநாய் வாயில் போகாமல் ஒவ்வொரு நாளையும் தள்ள வேண்டும். அதிலும் மாமியார் ஆடியது ஒற்றை உயிர் வகை. செத்தால் செத்ததுதான், ஆட்டத்தைச் சேமித்து வைத்த கணினிக் கோப்பையும் விளையாட்டே அழித்துவிடும். மருத்துவமனை மருந்துக் கிடங்கில் முப்பத்தோரு வருடம் பொறுப்பாளராக இருந்து ஓய்வுபெற்ற மாமியார், நான்கு வருடத்தில் 2,116 நாட்களைச் சாகாமல் கடந்திருந்தார். குடிசைக்குள் எண்பத்துநான்கு பெட்டிகள். ஒவ்வொன்றின் மேலும் பெயர்ச்சீட்டு. உள்ளே இருக்கும் எண்ணிக்கை மேசைமேல் இருந்த நோட்டில்.

மெக்கானிக் முதலில் அந்தக் கோப்புக்கு ஒரு நகல் எடுத்தான்.

"என்ன பண்றீங்க?"

"நகல் எடுக்கறேன் அத்தை. இனிமே நான் எதைக் குடைஞ்சாலும் நகலைத்தான் குடைவேன்."

"அப்போ ரெண்டு நான் இருப்பேனா?" மாமியாருக்குப் பிடிக்கவில்லை. "ஒரு உயிர்னு சொல்லித்தான் ஆரம்பிச்சேன். இது ஏமாத்து வேலை இல்லையா?"

"நகல்ல நீங்க செத்தா கணக்கில்ல அத்தை."

"யாருக்குக் கணக்கில்ல?" என்று கேட்டுவிட்டு, அரை மனதாகச் சம்மதித்தார்.

அதன்பின் எல்லோரும் செய்வதை அவனும் செய்தான். கணினியின் பக்கவாட்டு மூடியைக் கழற்றினான். உள்ளே ஒரு சிறு தலையணைக்கு ஆகும் அளவு தூசி இருந்தது. அதைச் சுத்தம் செய்து மூடியதும் மாமியாரைத் தூங்கவைத்தான், அதாவது திரையில் இருந்த மாமியாரை. இரவு கழிந்தது, வானம் வெளுத்தது, விளையாட்டு நின்றது.

இணையத்தில் தேடினான். இதே பிரச்சினையை ஒருவர் மூன்று வருடத்துக்கு முன்பே கேட்டிருந்தார். விளையாட்டை நீக்கிவிட்டு மறுபடி ஏற்றுங்கள் என்றது ஒரு பதில். வேறு கணினி வாங்குங்கள் என்றது இன்னொன்று. மூன்றாவது ஆள், "எனக்கும் இதே" என்று மட்டும் எழுதியிருந்தார். கடைசியாகக் கேட்டவரே வந்து "சரியாகிவிட்டது, நன்றி" என்று போட்டுவிட்டுப் போயிருந்தார். எப்படிச் சரியானது என்று அந்தப் புண்ணியவான் சொல்லவில்லை.

"உலகமே இவர மாதிரிதான்," என்றாள் மனைவி. "வேலைய முடிச்சதும் ஸ்க்ரூவை எங்கேயோ போட்டுட்டுப் போயிடறது."

"நீ சும்மா இரேன்."

மாமனார் சமையலறை வாசல் வரை வந்து எட்டிப் பார்த்தார். கறிக்கோழி லாரி ஓட்டி ஓய்வுபெற்றவர். பேச்சு குறைவு. "சரியாயிடுச்சா?" என்றார்.

"இன்னும் இல்ல மாமா."

தலையாட்டிவிட்டுப் போனார். காலையிலிருந்து அவர் கேட்பது அது ஐந்தாவது முறை. மாமியார் இல்லாத நேரத்தில் மனைவி சொன்னாள்: "அப்பா இந்தப் பக்கமே வரமாட்டாரு. பாவம், அம்மாவுக்காகக் கவலைப்படறாரு."

விளையாட்டோடு ஒட்டவைத்திருந்த கூடுதல் சமாச்சாரங்கள் பதினொன்று இருந்தன: பனி அழகாக விழ ஒன்று, பெட்டிக்குப் பெயர் ஒட்ட ஒன்று, இப்படி. அவற்றில் பாதியை எடுத்துப் பார்த்தான், மறு பாதியை எடுத்துப் பார்த்தான், பதினொன்றையும் எடுத்துப் பார்த்தான். விடியவில்லை.

"புதுசா ஒண்ணு ஆரம்பிச்சா என்னம்மா?" என்றாள் மகள். "ஒரு வருஷத்துல இதைவிடப் பெருசா கட்டிடுவே."

மாமியார் நோட்டை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். மகள் துணி காயப்போடப் போகும் வரை காத்திருந்து, நாற்காலியை மெக்கானிக் பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டார்.

"மாப்பிள்ளை, ஒண்ணு சொல்றேன். அவகிட்ட சொல்லாதீங்க."

"சொல்லுங்க அத்தை."

"கேரட் குறையுது." நோட்டைப் புரட்டினார். "பாருங்க. போன மார்கழியில நானூத்தி இருபது. மறுநாள் எண்ணினா முந்நூத்தி எண்பது. நான் எடுக்கலை. எடுத்தா எழுதாம இருக்க மாட்டேன். நாள் கூடக் குதிக்குது. ராத்திரி ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஐம்பதுன்னு எழுதி வச்சுட்டுப் படுப்பேன். மறுநாள் திறந்தா ஐம்பத்தொண்ணுன்னு காட்டும். முப்பத்தோரு வருஷத்துல என் கிடங்குல ஒரு ஊசி குறைஞ்சதில்ல."

"எப்பயிருந்து?"

"எட்டு மாசமா. டாக்டர்கிட்ட போனேன், தனியா. கடிகாரம் வரையச் சொன்னாரு. வரைஞ்சேன். அஞ்சு வார்த்தை சொல்லி, கொஞ்சம் பொறுத்துத் திருப்பிச் சொல்லச் சொன்னாரு. நாலுதான் வந்துச்சு. வர்ற வியாழக்கிழமை தலையைப் படம் எடுக்கணுமாம்." நோட்டை மூடினார். "இந்தக் கோப்பு ஒண்ணுதான் என்கிட்ட இருக்கற சாட்சி. அதுல தப்பு பண்ணது நானா இல்லையான்னு அதைத் திறந்துதான் பார்க்கணும். புதுசா ஆரம்பின்னா, சரி எனக்கு மறதி வந்துடுச்சுன்னு நானே கையெழுத்துப் போட்ட மாதிரி."

 மெக்கானிக்குக்கு அதுவரை அது ஒரு விளையாட்டாக இருந்தது.

லிஃப்டில் மின்கம்பி எங்கேயோ விட்டுப்போனால், முதல் மாடியிலிருந்து ஒவ்வொரு மாடியாகத் தேடிக்கொண்டு போகிறவன் வேலைக்குப் புதுசு என்று அர்த்தம். தெரிந்தவன் நடுவில் பிரிப்பான்; நல்ல பாதியைத் தள்ளிவிட்டு, கெட்ட பாதியை மறுபடி நடுவில் பிரிப்பான். அந்தக் காட்டின் வரைபடம் நானூறு கட்டங்களாகக் கோப்பில் கிடந்தது. மெக்கானிக் தெற்கு இருநூறை நகலிலிருந்து தூக்கிவிட்டுப் பார்த்தான். நின்றது. அவற்றைத் திருப்பி வைத்துவிட்டு வடக்கைத் தூக்கினான்.

விடிந்தது. திரையில் ஒரு மஞ்சள் சூரியன் தெற்குக் காட்டின் மேலே ஏறியது. பத்தொன்பது நாளில் முதல் சூரியன். மாமியார் வாயைப் பொத்திக்கொண்டார்.

"வடக்குல என்ன அத்தை இருக்கு?"

"எனக்கெப்படித் தெரியும்? ஆத்தைத் தாண்டி நான் போனதே இல்லையே. பன்னிரண்டாம் நாள் அந்தப் பக்கம் கால் வச்சு, ஓநாய் கடிச்சு, நூலிழையில பிழைச்சேன். அதோட சரி."

நூறு, ஐம்பது, இருபத்தைந்து என்று நறுக்கிக்கொண்டே போனான். ஒவ்வொரு முறையும் விடியலுக்காக ஐந்து நிமிடம் காத்திருக்க வேண்டியிருந்தது. மாமனார் இரண்டு தடவை வந்து கேட்டுவிட்டுப் போனார். மதியச் சாப்பாட்டைத் தட்டோடு மேசைக்கே கொண்டுவந்தாள் மனைவி. இப்போது அவளும் போகவில்லை. இரண்டே முக்காலுக்கு ஒரே ஒரு கட்டம் மிஞ்சியது. ஆற்றுக்கு வடக்கே, மலைக்குப் பின்னால்.

"போய்ப் பார்த்துடலாம்," என்றான். நகலில் அந்த இரவுக்குள் நுழைந்து, கையில் தீப்பந்தத்தோடு ஆற்றைக் கடந்தான்.

"மெதுவா போங்க. இடதுபக்கம் பாருங்க. ஐயோ, ஓடாதீங்க, ஓடினா பசிக்கும்."

"அத்தை, இது நகல்."

"நகலுக்கும் பசிக்கும்."

மலையைச் சுற்றியதும் படம் திக்கத் தொடங்கியது. அடி எடுத்துவைத்தால் நான்கு நொடி கழித்துக் கால் நகர்ந்தது. தீப்பந்த வெளிச்சத்தில் முதலில் ஒரு வேலி தெரிந்தது. கோணல்மாணல் இல்லாமல் நேராக, மூலைக்கு மூலை கம்பம் நட்டு, ஆள் போட்ட வேலி. உள்ளே தரை தெரியவில்லை. வெள்ளையாக எதுவோ நெளிந்தது.

"பனியா?" என்றாள் மனைவி.

பனிக்குக் காது இருந்தது.

கோப்பில் எண்ணிப் பார்த்தான். மூவாயிரத்து நூற்று நாற்பது முயல்கள். சூரியன் வந்ததும் அத்தனையும் ஒரே நொடியில் கண் விழித்து, ஒரே நொடியில் தீனி தேடும். அத்தனைக்கும் வழி சொல்ல முடியாமல் கணினி கையைத் தூக்கிவிடும். அவ்வளவுதான் கோளாறு.

"வேலி போட்டது யாரு?" என்றார் மாமியார். குரல் ஒரு மாதிரி இறங்கியிருந்தது. "நானா போட்டேன் மாப்பிள்ளை? போட்டுட்டு மறந்துட்டேனா?"

 சமையலறை வாசலில் மாமனார் நின்றுகொண்டிருந்தார். திரையைப் பார்த்தவர் சட்டென்று முகம் மலர்ந்தார்.

"உசிரோட இருக்குதுங்களா?" என்றார். "பத்தொன்பது நாளா தீனி இல்லாம என்னாச்சோன்னு இருந்தேன்."

மூன்று பேரும் திரும்பிப் பார்த்தார்கள். அவர் முகம் மலர்ந்த வேகத்தில் சுருங்கியது.

விசாரணை நீளவில்லை. மாமியார் காலையில் நடக்கப் போகும் முக்கால் மணி நேரத்தில் மாமனார் விளையாட்டுக்குள் போவார். நாற்பது கேரட் எடுத்துக்கொள்வார். ஆற்றைக் கடந்து, போட்டுவிட்டு, வந்த வழியே திரும்புவார். சில நாள் நின்று பார்த்துக்கொண்டிருந்ததில் நாள் ஒன்று கூடிவிட்டதாம்.

"ஆனா ஒவ்வொரு தடவையும் உன்னைக் கட்டில்ல படுக்க வச்சுட்டுத்தாம்மா வெளிய வருவேன்," என்றார்.

"என் உசிரை எடுத்துக்கிட்டு ஓநாய்க் காட்டுக்குள்ள போயிருக்கீங்க. எட்டு மாசமா. தினமும்."

"ஒரு கீறல் பட்டிருக்குமா? முப்பத்திமூணு வருஷம் லாரி ஓட்டினவன்."

"கேரட்டை ஏங்க நோட்டுல எழுதலை?"

"எழுதினா திட்டுவே."

"இப்போ?"

மாமனார் நாற்காலியில் உட்கார்ந்தார். "முதல்ல ரெண்டே ரெண்டு முயல்தான் பிடிச்சேன். லாரியில ஆயிரத்து இருநூறு கோழி ஏத்திக்கிட்டுப் போவேன். வரும்போது காலிக் கூண்டு மட்டும் சத்தம் போட்டுக்கிட்டே வரும். இங்க ஒவ்வொரு நாளும் போனா, நேத்து இருந்ததைவிட அதிகமா இருக்கும். அதான், விட முடியலை."

"அதுக்காக மூவாயிரமா? எனக்கு மூளை கெட்டுப்போச்சுன்னு தலையைப் படம் எடுக்கச் சொல்லியிருக்காங்க, தெரியுமா உங்களுக்கு?"

தெரியாது. மகளுக்கும் தெரியாது. அவள் அம்மாவைப் பார்த்தாள், பிறகு கணவனைப் பார்த்தாள். அவன் முன்பே அறிந்தவன் என்பது அவன் விசைப்பலகையைத் துடைத்த விதத்தில் தெரிந்தது. அதற்கான பாக்கி வீட்டுக்குப் போனதும் வரும் என்பது அவனுக்கும் தெரிந்தது. மாமனார் ஏதோ சொல்ல வாயெடுத்தார். மாமியார் கையைக் காட்டி நிறுத்தினார்.

"மாப்பிள்ளை, என்ன வழி?"

"அந்தக் கட்டத்தை மொத்தமா அழிச்சா ஒரே நிமிஷம் அத்தை. விடிஞ்சிடும்."

மாமனார் தரையைப் பார்த்தார். மாமியார் அவரைப் பார்த்தார். கோபம் எந்த அளவும் குறையவில்லை.

"எத்தனை இருந்தா விடியும்? அதைச் சொல்லுங்க."

மறுபடி பாதியாக்கினான். ஆயிரத்து ஐந்நூற்று எழுபது: நின்றது. எழுநூற்று எண்பத்தைந்து: நின்றது. முந்நூற்றுத் தொண்ணூற்று இரண்டில் திக்கித் திணறி விடிந்தது.

"ஐந்நூறு தாங்குமான்னு பார்க்கட்டுமா?"

"வேண்டாம். விளிம்பு வரைக்கும் அடுக்கற பழக்கம் எனக்கு இல்ல. குட்டி போடாம இருக்க ஆணையும் பொண்ணையும் பிரிச்சு, நடுவுல வேலி போடுங்க."

"மாப்பிள்ளை," என்றார் மாமனார் மெல்ல. "அந்தக் காது மடிஞ்சதை மட்டும் விட்டுடுங்க."

"மாமா, எல்லாத்துக்கும் ஒரே படம்தான். ஒரே காதுதான்."

"உங்களுக்கு அப்படித் தெரியும்," என்றார் மாமனார்.

நகலில் செய்ததையே மூலக் கோப்பிலும் செய்தான். 2,748 முயல்கள் அழிக்கப்பட்டன. எவை போயின, எவை தங்கின என்பதைக் கணினி தீர்மானித்தது. மாலை ஐந்து இருபத்தைந்துக்கு 2,117-ஆம் நாள் விடிந்தது. மாமியார் கேரட் பெட்டியைத் திறந்து எண்ணினார். பிறகு எட்டு மாத நோட்டையும் முதலிலிருந்து சரிபார்த்தார். குறைந்த ஒவ்வொரு முறையும் நாற்பதோ அதன் மடங்கோதான் குறைந்திருந்தது.

திங்கட்கிழமை காலை அவர் டாக்டர் அலுவலகத்துக்குப் போன் செய்து, வியாழக்கிழமை நேரத்தை ரத்து செய்தார். மகள் அன்று மதியமே கூப்பிட்டு அதை மறுபடி வாங்கினாள். வியாழக்கிழமை மாமனாரே கூட்டிக்கொண்டு போனார். படத்தில் ஒன்றும் இல்லை என்று எழுதிக் கொடுத்தார்கள்.