கலயத்தில் விழுந்த குரல்

அலுவலகத்தில் அவருக்குப் பாம்புச்செவி என்று பட்டப்பெயர். நேரில் சொல்ல எவனுக்கும் தைரியம் கிடையாது. மூன்று அறை தள்ளிப் போய் முணுமுணுப்பார்கள். அதுவும் அவருக்குக் கேட்கும், பாவம்.

ஊர் நடுவே ஒலிக்கூடம். உள்ளே ஒரு கரும்பாறை, விடியலில் ஒரே ஒருமுறை ஒலிக்கும். அதைக் கேட்டால் ஆறாத வலி ஆறும், நாலு நாள் தூங்காத பிள்ளை தூங்கும். ஆனால் கேட்க யாரை விடுகிறார்கள்? படியேற அனுமதிச் சீட்டு வேண்டும், சீட்டு வாங்க வம்சம் வேண்டும். விடாவிட்டால் மனுஷன் கையைக் கட்டிக்கொண்டு இருப்பானா? மண்கலயத்தை மடியில் மறைத்துக் கொண்டுபோய், ஒலியைப் பிடித்து, மெழுகால் வாயடைத்துக் கொண்டு வந்துவிடுகிறான். வீட்டில் அதன் வாயோடு இன்னொரு வெறுங்கலயத்தின் வாயைச் சேர்த்து வைத்துத் திறந்தால் ஒன்று இரண்டாகும். ஒரே ஒரு தொல்லை, அந்த நேரம் அறையில் கேட்கிற எல்லாமே உள்ளே விழுந்துவிடும். தும்மினால் தும்மலும் சேர்ந்து புனிதமாகிவிடும்.

காவல்காரர்களிடம் பிடிபட்ட கலயங்கள் பாம்புச்செவியின் மேஜைக்கு வரும். அவர் கண்ணை மூடிக்கொண்டு மெழுகைத் திறப்பார். புனித ஒலியை ஒதுக்கிவிட்டு, அடியில் கிடக்கும் சில்லறைச் சத்தங்களைப் பொறுக்குவார். எந்தத் தெரு, எந்த வீடு என்று எழுதிக் கொடுப்பார். நாலு தடவைதான் திறக்கலாம், பிறகு கலயம் ஊமை.

இருபத்தாறு வருஷமாக இதே வேலை. இந்தக் காதால்தான் சொந்த மருமகனையே பிடித்துக் கொடுத்தார். அவன் குயவன், திருட்டுக் கலயம் செய்தவன். ஆறு மாதம் உள்ளே இருந்துவிட்டு அவன் வெளியே வந்த அன்றே, மகள் அவனோடு போய்விட்டாள். ஒன்பது வருஷமாகிறது. பக்கத்து வீட்டில் கரண்டி விழுந்தால்கூட இவருக்குக் கேட்கும். இவர் வீட்டில் கரண்டியைப் போட ஒரு ஆள் இல்லை. மனைவி அதற்கு முன்பே போய்ச் சேர்ந்துவிட்டாள்.

அன்றைக்குக் காலை வந்த கலயத்தை வழக்கம்போலத் திறந்தார். ஒலி பொங்கியது. அதன் அடியில் தகரம் தட்டும் சுத்தியல், கிறீச்சிடும் அடிபம்பு. அப்புறம் ஒரு பெண்குரல்: "சாப்பிட வாடா, ஆறிப் போகுது." ஒரு குழந்தை: "வரேம்மா."

மகள்தான். அந்தக் குழந்தை பேரன். பேரன் இருப்பதே இப்போதுதான் தெரிகிறது. மறுபடி திறந்தார். மூன்றாவது தடவையும். இடம் தெரிந்துபோயிற்று: தகரத் தெரு, பம்புக்கு எதிர்வீடு. ஆனந்தம் ஒரு பக்கம், ஆத்திரம் ஒரு பக்கம். அடி பைத்தியக்காரி, என் வீட்டில் வளர்ந்தவள், நகல் எடுக்கும்போது வாயைத் திறக்கலாமா? இந்தக் கலயம் வேறு யார் கையிலாவது போயிருந்தால் உன் கதி என்ன?

நாலாவது தடவை திறந்ததற்குக் காரணமே இல்லை. அந்தக் குரலுக்காகத் திறந்தார். அத்தோடு கலயம் ஊமையாயிற்று.

அதிகாரி எட்டிப் பார்த்தார். "என்ன பெரியவரே, ஆள் சிக்கினானா?"

"சிக்காம எங்க போவான்? உப்புக் கிடங்கு வரிசை, கடைசிக் கட்டடம்."

உப்புக் கிடங்குகள் பாழடைந்து ஈ காக்கை இல்லாமல் கிடக்கின்றன. யாருக்கும் சேதமில்லை, மகளும் தப்பினாள். அதையே எழுதியும் கொடுத்தார், வாழ்நாளில் எழுதிய முதல் பொய். உடனே ஓடிப்போய் அவளைப் பார்த்தால் சந்தேகம் வரும் என்று பல்லைக் கடித்துக்கொண்டு இருபது நாள் பொறுத்தார். சோறு இறங்கவில்லை. பேரனுக்கு மரக்குதிரை வாங்குவதா, பந்து வாங்குவதா என்று தனியாக உட்கார்ந்து தனக்குத்தானே சண்டை போட்டு, கடைசியில் இரண்டையும் வாங்கினார்.

தகரத் தெருவில் பம்புக்கு எதிர்வீடு திறந்து கிடந்தது. அடுப்பு இல்லை, பாய் இல்லை. மூலையில் உடைந்த கலய ஓடுகள் மட்டும் கிடந்தன. பக்கத்து வீட்டுத் தகரக்காரன் பெண்டாட்டி எட்டிப் பார்த்தாள்.

"அவங்க போயி இருபது நாளாச்சுங்க. உப்புக் கிடங்குக்குப் போறதுக்குக் காவக்காரங்க இந்த வழியாத்தான் வந்தாங்க. பூட்ஸ் சத்தம் கேட்டதும் கெளம்பிட்டாங்க."

உப்புக் கிடங்குக்கு வேறு பாதை கிடையாது. ஊரையே காதால் அளந்தவருக்கு அது உறைக்காமல் போயிற்று.

"எங்க போறோம்னு ஏதாவது…"

"சொல்லிட்டா போவாங்க? ஆனா அந்தப் பொண்ணு ஒரு தினுசுங்க. கலயம் ரொப்பறப்போ நாங்கல்லாம் மூச்சைப் புடிச்சுக்கிட்டு இருப்போம். அவ வேணும்னே பேசுவா. புருஷன் தலையில அடிச்சுக்குவான். 'புடிபடுற கலயமெல்லாம் எங்கப்பா மேஜைக்குத்தான் போகும். ஒண்ணாவது போய்ச் சேராதா? என் குரலைக் கேட்டா இடத்தைக் கண்டுபுடிச்சு அவரு மட்டும் தனியா வருவாரு, பேரனைப் பாக்க'ம்பா. நாலு வருஷமா ஒவ்வொரு கலயத்துலயும் பேசுனா."

அவர் கையிலிருந்த மரக்குதிரையைத் துண்டால் மூடினார்.

"அன்னிக்கு பூட்ஸ் சத்தம் கேட்டதும், 'அப்பா கேட்டுட்டாரு'ன்னா. அவ்வளவுதான். அழக்கூட இல்ல. புள்ளையக் கையில புடிச்சுக்கிட்டு விறுவிறுன்னு போயிட்டா." அவள் அவரை ஏற இறங்கப் பார்த்தாள். "நீங்க யாரு, சொந்தமா?"

'அவளோட அப்பா' என்பது வாய் வரை வந்தது.

"கலயம் வாங்க வந்தேம்மா."

"இனிமே இங்க கெடைக்காதுங்க" என்று சொல்லிவிட்டு அவள் கதவைச் சாத்திக்கொண்டாள்.