படி நுனியில் பதினைந்து முறை

இப்போதெல்லாம் யாரும் ஒரு விஷயத்தை நேரில் வந்து கேட்பதில்லை. தூரத்தில் நின்று பார்ப்பது, ஆபீசில் போய்ச் சொல்வது, அவ்வளவுதான். முன்பு எல்லாரும் யோக்கியர்கள் என்று நான் சொல்ல வரவில்லை. சண்டை போடுவதற்காவது வாசலுக்கு வருவார்கள்.

என் பேர் ஐயாவு. புக்கிட் பெலிம்பிங் பக்கத்து ரப்பர் தோட்டத்தில் முப்பத்தாறு வருஷம் பால்மரம் வெட்டினேன், பட்டையைச் சீவிப் பால் எடுக்கிற வேலை. எண்பத்தாறாம் வருஷம் வலது குதிகாலுக்கு மேலே பின்நரம்பு வீங்கிக்கொண்டது. காலையில் முதல் பத்தடி வைப்பதற்குள் உயிர் போகும். எனக்கு ஒதுக்கிய மரவரிசை, என் நிரை, முழுக்கக் கிழட்டு மரம், வெட்டு உயரத்தில் இருக்கும். நுனிக்காலில் எம்பித்தான் கத்தியை இழுக்க வேண்டும். ஒரு நாளைக்கு நானூறு மரம்.

வலியைவிட வீட்டை நினைத்துத்தான் பயம். தோட்டம் கொடுக்கிற லயத்து வீடு வேலை செய்கிறவனுக்குத்தான். இவன் இனி வெட்டமாட்டான் என்று தோட்டத்து ஆபீஸ் கிராணி எழுதிவிட்டால், நானும் இராஜம்மாவும் சட்டிபானையோடு ரோட்டுக்குப் போக வேண்டியதுதான். எங்களுக்குப் பிள்ளை கிடையாது.

பெரிய ஆஸ்பத்திரியில் ஊசி போடுவார்கள் என்று போனேன். அங்கே பயிற்சி கொடுக்கிற அகதா மிஸ்ஸி என்னை ஒரு மரப்படியில் ஏற்றினார். பாதத்தின் முன்பாதி படியில், குதிகால் வெளியே. இரண்டு காலாலும் எம்பி, நல்ல காலைத் தூக்கிவிட்டு, வலிக்கிற காலால் மெல்லக் கீழே இறங்க வேண்டும். பதினைந்து முறை, காலையும் மாலையும், மூன்று மாதம். எம்பி எம்பிக் கெட்டுப்போன காலுக்கு எம்புவதே மருந்தா என்று கேட்டேன்.

“எம்புறது இல்லைங்க ஐயா. மெதுவா இறங்குறதுதான் மருந்து” என்றார்.

நான் நம்பவில்லை. வீட்டுக்காகச் செய்தேன். அவர் கொடுத்த கடிதத்தால் மரம் வெட்டுவதிலிருந்து மாற்றி, பால் ஸ்டோரில் வாளி கழுவப் போட்டார்கள். ஐந்தாவது வாரம் வலி குறைந்த மாதிரி இருந்தது. இனி முதுகில் கொஞ்சம் பாரம் வைத்துச் செய்யுங்கள் என்றார் மிஸ்ஸி. துணிப்பையில் மணலைப் போட்டு முதுகில் கட்டிக்கொண்டு, லயத்து வாசல்படியில் ஏறி இறங்கினேன்.

எங்களை மேய்க்கிற மண்டோர் அப்பளசாமி சைக்கிளில் போகும்போது அதைப் பார்த்திருக்கிறான். நிற்கவும் இல்லை, கேட்கவும் இல்லை. மறுநாள் காலையில் கிராணி சிவானந்தம் கூப்பிட்டனுப்பினார்.

“மூட்டையக் கட்டிக்கிட்டுப் படியில ஆட்டம் போடுறியாமே. வாளி கழுவுற ஆளுக்கு இவ்வளவு தெம்பா?”

வைத்தியம் என்று சொன்னேன். பக்கத்தில் நின்ற மண்டோர் சிரித்தான். “எனக்குங்கூடத்தான் கால் வலிக்குது லா. நான் என்னா படியிலயா ஆடுறேன்?”

நாளைக்கே நிரைக்குப் போ, இல்லாவிட்டால் இனி வேலை செய்ய முடியாது என்று கைநாட்டு வை என்றார் கிராணி. கைநாட்டு வைத்தால் வீடு போய்விடும். நிரைக்குப் போனேன். நான்காம் நாள் பாதி மரத்தில் குதிகாலைத் தரையில் ஊன்ற முடியவில்லை. பால் லோரியில் தூக்கிப் போட்டுக் கொண்டுவந்தார்கள். அந்த வாரமே கடிதம் வந்தது. வேலைக்கு லாயக்கில்லை, மாதக் கடைசிக்குள் வீட்டைக் காலி பண்ண வேண்டும்.

மறுபடி மிஸ்ஸியிடம் போனேன். காலை அமுக்கிப் பார்த்து, நரம்பு அறுந்துபோகவில்லை, முதலிலிருந்து தொடங்கலாம் என்றார். கெடுத்தது மரம்தான், பயிற்சி இல்லை, தோட்டத்துக்கு இன்னொரு கடிதம் எழுதித் தருகிறேன் என்றார்.

“நீங்க எழுதுறத எவன் படிக்கப் போறான் மிஸ்ஸி? நான் படியில நிக்கிறதத்தான் பார்ப்பானுங்க.”

மிஸ்ஸி தானே படியில் ஏறி, எப்படி இறங்க வேண்டும் என்று மறுபடியும் செய்து காட்டினார். நல்ல பெண்தான், குறை சொல்ல மாட்டேன். ஆனால் அந்த ஐந்து வாரம் வலி குறைந்தது படியாலா, மரம் வெட்டாததாலா? அவருக்கும் தெரியாது என்றுதான் எனக்குப் படுகிறது.

அடுத்த செவ்வாய் வாங்க என்றார். இராஜம்மா வீட்டில் பாத்திரங்களைச் சாக்கில் கட்டிக்கொண்டிருப்பாள். செருப்பை மாட்டிக்கொண்டு, வலது காலை இழுத்து இழுத்து பஸ்ஸுக்கு நடந்தேன்.