கூலியா, வாடகையா?

கோர்ட் வராந்தா பெஞ்சில் உட்கார்ந்திருந்த குழாய்க்காரர் நாலாவது முறையாகச் சட்டைப்பையைத் தடவிப் பார்த்தார். பக்கத்தில் அவர் மனைவி, வீடு கைக்கு வந்ததும் எந்தச் சுவருக்கு என்ன வண்ணம் அடிக்கலாம் என்று சாவதானமாகச் சொல்லிக்கொண்டிருந்தாள். பாவம், அவளுக்கு விஷயம் தெரியாது. தெரிந்தால் அங்கேயே அவரை உண்டு இல்லை என்று ஆக்கிவிடுவாள்.

கையில் குழாய் வேலை இல்லாத காலத்தில் அவர் தன் வீட்டை ஒரு மூக்குக்கண்ணாடிக் கடைக்காரர் குடும்பத்துக்கு வாடகைக்கு விட்டுவிட்டு, மச்சான் வீட்டுப் பின்னறையில் வந்து ஒண்டிக்கொண்டார். நிலைமை சரியானதும் வீட்டைக் கேட்டார். அவர்கள் நகரவில்லை. கேஸ் போட்டு, காலி செய்யச் சொல்லி உத்தரவும் வாங்கினார். அதற்கும் அசையவில்லை. இப்போது கேட்பது நஷ்டஈடு. உத்தரவை மீறி உட்கார்ந்திருக்கும் ஒவ்வொரு மாதத்துக்கும், இன்றைக்கு அந்தத் தெருவில் என்ன வாடகை போகிறதோ அந்தக் கணக்கில்.

வக்கீல் ஒரே ஒரு நிபந்தனைதான் போட்டிருந்தார். "அவங்க கையால ஒரு பைசா வாங்கிடாதீங்க. வாங்கினா, அது வாடகைன்னு சொல்லுவாங்க. நீங்களே மறுபடி குடி வச்ச மாதிரி ஆயிடும். வீடும் போச்சு, நஷ்டஈடும் போச்சு."

குழாய்க்காரர் பலமாகத் தலையாட்டினார். மனுஷன் தலையாட்டியதோடு நிறுத்தியிருக்கலாம். ஒரு நாள் காலையில் வேலைக்குப் போகும் வழியில் தன் வீட்டைக் கடந்தபோது, சமையலறைச் சுவருக்குள் தண்ணீர் கசியும் சத்தம் கேட்டது. வேறு யார் காதிலும் விழுந்திருக்காது. துக்கம் விசாரிக்கப் போன வீட்டில்கூட எந்தக் குழாய் ஒழுகுகிறது என்று தேடும் காது அவருடையது. தன் சுவர் ஊறுகிறதே என்று மனசு கேட்கவில்லை. கூப்பிடாமலேயே உள்ளே போய், சுவரைக் கொத்தி, குழாயை மாற்றி, சிமெண்டும் பூசிவிட்டார்.

கடைக்காரர் அப்போது வீட்டில் இல்லை. குழாய்க்காரர் கிளம்பும்போது கடைக்காரர் மனைவி ஒரு நோட்டை நீட்டினார். வேலை முடிந்ததும் நீட்டுவதை வாங்கியே பழகிய கை, வாங்கிச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டது. தெருமுனைக்கு வந்த பிறகுதான் வக்கீல் சொன்னது உறைத்தது. திரும்பிப் போகக் கால் வரவில்லை. வக்கீலிடம் சொல்லவும் வாய் வரவில்லை. அந்த நோட்டைச் செலவழிக்கவும் பயந்து, அன்று முதல் மடித்து மடித்து வைத்திருக்கிறார். இன்றும் அது சட்டைப்பையில்தான் இருந்தது.

உள்ளே கூப்பிட்டார்கள். அவர் பயந்ததே நடந்தது. உத்தரவுக்குப் பிறகு வீட்டுக்காரரே வந்து ரிப்பேர் செய்தார், பணமும் வாங்கிக்கொண்டார், குடித்தனம் தொடர்கிறது என்பதற்கு இதைவிட என்ன வேண்டும் என்று எதிர்த்தரப்பு வக்கீல் அடுக்கினார்.

மனைவி மெதுவாகத் திரும்பினாள். "வாங்கினீங்களா?"

அவர் சட்டைப்பையிலிருந்து நோட்டின் நுனியை இழுத்துக் காட்டினார்.

"கடைசி வரைக்கும் எங்க அண்ணன் வீட்டுப் பின்னறைதானா எனக்கு?" என்றாள். அவருக்கு அப்படியே பூமிக்குள் போய்விடலாம் போல இருந்தது.

கடைக்காரர் மனைவியைச் சாட்சிக் கூண்டில் ஏற்றினார்கள். பணம் கொடுத்தது உண்மையா என்று நீதிபதி கேட்டார். உண்மை என்றார். எதற்குக் கொடுத்தீர்கள் என்று கேட்டார். அந்தம்மா புருஷனைப் பார்த்தார். அவர் கண்ணாலேயே என்னவோ சொன்னார்.

"வாடகைதானேம்மா?" என்று எடுத்துக்கொடுத்தார் அவர்கள் வக்கீல்.

"இல்லீங்க, கூலி. குழாய் மாத்தினதுக்குக் கொடுத்தேன். நாங்க யார்கிட்டயும் ஓசியில வேலை வாங்குறவங்க இல்ல."

கடைக்காரர் தலையில் கை வைத்துக்கொண்டார். வீட்டுக்காரராக வந்து பழுது பார்த்தவருக்கு யாராவது கூலி கொடுப்பார்களா என்று நீதிபதி கேட்டதும் அந்த வக்கீல் காகிதங்களை அடுக்கிக்கொண்டு உட்கார்ந்தார். உத்தரவு தேதியிலிருந்து காலி செய்யும் நாள் வரை நஷ்டஈடு கொடுக்க வேண்டும் என்று தீர்ப்பானது.

வெளியே வந்தார்கள். மனைவி அழுகையும் சிரிப்புமாக அவரைத் திட்டிக்கொண்டே வந்தாள். படியருகே அந்தம்மா தனியாக நின்றிருந்தார். கடைக்காரர் கோபத்தில் முன்னால் போய்விட்டிருந்தார். குழாய்க்காரர் நோட்டை எடுத்து நீட்டினார்.

"வேணாங்க. அது நீங்க உழைச்ச காசு" என்றார் அந்தம்மா. "நஷ்டஈட்டைத்தான் எப்படிக் கொடுக்கப் போறோம்னு தெரியல. வேற வீடு பிடிக்க முன்பணம் இல்லாமத்தான் இத்தனை நாளும் உட்கார்ந்திருந்தோம்."

நீட்டிய கையை எப்படி மடக்குவதென்று குழாய்க்காரருக்குத் தெரியவில்லை. பஸ்ஸில் மச்சான் வீட்டுக்கு வந்து சேரும் வரை அவர் மனைவி சுவர் வண்ணத்தைப் பற்றிப் பேசவில்லை.