ஈரச்சப்பாத்துக்கு எந்த ஊர்?

தமிழர்களிடையே சாதியை ஒழித்த பெருமை ஒரு கம்ப்யூட்டர் மோடத்தையே சேரும். சுவிஸின் பாசல் நகரில், டிராம் போகும்போதெல்லாம் யன்னல் அதிரும் ஓர் இரண்டறை வீட்டில் அது இருந்தது. 1999ஆம் ஆண்டு ஒரு சனிக்கிழமை காலை, அதன் உரிமையாளனான நோபேட் இந்தச் செய்தியை உலகுக்கு அறிவித்தான். சாமியார்களும் தலைவர்களும் சட்டங்களும் முயன்று தோற்ற காரியம், தன் சாப்பாட்டு மேசையில் பாணுக்கும் பட்டருக்கும் நடுவில் நடந்து முடிந்துவிட்டதாக அவன் மனதார நம்பினான்.

அப்போது உலகத்தின் சார்பில் அங்கே இருந்தவள் அவனுடைய தங்கை யூஜினி மட்டும். முதியோர் இல்லத்து வேலைக்குப் போட்டுக்கொண்டு போகும் வெள்ளைச் சட்டையை அயர்ன் பண்ணிக்கொண்டிருந்தாள்.

"ஒழிச்சது காணும் அண்ணா. டெலிபோன் லைனை விடு. நான் வேலைக்கு ஒரு கோல் எடுக்கவேணும்."

விஷயம் இதுதான். வில் என்ற நகரத்தில் மைக்கல் என்றொரு பெடியன், தமிழர்கள் எந்த நாட்டில் இருந்தாலும் கம்ப்யூட்டரில் ஒன்றாக இருந்து முன்னூற்றிநாலு என்ற சீட்டாட்டம் விளையாட ஓர் இணையத்தளம் செய்திருந்தான். நாலு பேர், இரண்டு கட்சி, எதிரே இருப்பவர் உங்கள் கூட்டாளி. ஊரில் மரத்தடியில் விளையாடிய அதே சீட்டுத்தான். உள்ளே வர ஒரு பட்டப்பெயர் வேண்டும். அது வேறு எவருக்கும் இல்லாத பெயராக இருக்கவேண்டும். அந்தப் பெயர்களைப் பார்த்து அனுமதிக்கும் வேலையை மைக்கல் நோபேட்டிடம் கொடுத்தான். அதிகாரம் கிடைத்த அன்றே நோபேட் ஒரு சட்டம் போட்டான். பெயரில் ஊர் இருக்கக்கூடாது, தகப்பன் பெயர் இருக்கக்கூடாது, கோயில் இருக்கக்கூடாது. இன்னொரு ஆட்டக்காரரிடம் இவற்றைக் கேட்கவும் கூடாது. கேட்டால் வெளியே.

சட்டத்துக்குக் காரணம் இருந்தது. எங்கள் ஆட்கள் இருவர் பனிப்புயலில், மலையுச்சியில் முட்டிக்கொண்டாலும் முதற் கேள்வி "ஊரில எவடம்?" என்பதுதான். இரண்டாவது, "அதில எந்தப் பக்கம்?" மூன்றாவது, "அங்கை இன்னாரைத் தெரியுமோ?" அதற்குமேல் கேள்வி தேவைப்படாது; சாதி தெரிந்துவிடும். கேட்டவரின் முகம் ஒன்றில் மலரும், இல்லாவிட்டால் அவருக்கு நேரம் போய்விட்டது ஞாபகம் வரும். நோபேட்டைப் போன்ற வேதக்காரருக்கு, அதாவது கத்தோலிக்கருக்கு, சாதி கிடையாது. பூசையில் அப்படித்தான் சொல்வார்கள். பூசை முடிந்து வெளியே வந்தபிறகு, "உங்கடை கோயில் திருநாள் எந்த மாதம்?" என்று மட்டும் பக்தியோடு விசாரிப்பார்கள். மாதம் தெரிந்தால் கோயில் தெரியும். கோயில் தெரிந்தால் எந்தச் சனத்தின் பங்கு என்று தெரியும். பங்கு தெரிந்தால் மிச்சத்தை ஆண்டவர் வெளிப்படுத்துவார். இந்தக் கேள்வியை நோபேட் தலையைச் சரித்து, குரலைத் தாழ்த்தி நடித்துக் காட்டினால் பார்ப்பவர்களுக்குச் சிரித்தே வயிறு நோகும்.

ஆனால் சட்டம் போடுவது லேசு. தமிழனுக்குப் பட்டப்பெயர் வைக்கச் சொல்லிக் கொடுப்பதுதான் சீவன் போகிற வேலை. முதலில் வந்த பெயர் 'உரும்பிராய் ராசா'. வெட்டினான். அடுத்து 'உரும்பிராய்ச் சிங்கம்' வந்தது. அதே ஆள். 'மானிப்பாய் மன்னர்' வந்தார். அவரை வெட்டி முடிப்பதற்குள் 'உண்மையான மானிப்பாய் மன்னர்' வந்து, முதல் மன்னர் போலி என்று ஒரு குறிப்பும் அனுப்பினார். நோபேட் தலையில் கையை வைத்துக்கொண்டான்.

வெட்டுப்பட்டவர்களில் தவராஜா என்பவர் டெலிபோனிலேயே வந்துவிட்டார்.

"தம்பி, என்ரை ஊர் உமக்கு என்ன செய்தது?"

"ஒண்டும் செய்யேல்லை அண்ணை. ஊர் இல்லாமல் ஒரு பேர் வையுங்கோ. பூ, பூனை, வாளி, என்னவெண்டாலும்."

"வாளியோ? நான் ஊரில சங்கத் தலைவராய் இருந்தனான் ஐசே."

"இஞ்சை அது தேவையில்லை அண்ணை. சீட்டுத்தான் விளையாடப் போறியள்."

"ஆரோடை விளையாடுறன் எண்டு எனக்குத் தெரிய வேண்டாமோ? நான் வித்தியாசமாய் ஒண்டும் கேக்கேல்லை. சும்மா, ஒரு இதுக்கு."

"அந்த 'இது'வைத்தான் அண்ணை நாங்கள் ஒழிச்சிருக்கிறம்," என்று சொல்லி வைத்துவிட்டு நோபேட் தங்கையைப் பார்த்தான். "விசர்ச் சனம் யூஜினி. கடல் தாண்டினாலும் ஊரையும் ஒழுங்கையையும் காவிக்கொண்டு வருதுகள்."

சட்டத்துக்குப் பணிந்தவர்களும் இருந்தார்கள். யூஜினி மேசையில் மிஞ்சிக் கிடந்த பாதிப் பாணைப் பார்த்து 'அரைப்பாண்' என்று வைத்துக்கொண்டாள். நோபேட் ஒரு கிழமை யோசித்து, 'ஆரோவொருத்தன்' என்ற பெயரைத் தனக்குச் சூட்டி, அதன் தத்துவத்தைக் கேட்காதவர்களுக்கும் விளக்கினான். ஒருநாள் 'ஈரச்சப்பாத்து' என்று ஒரு பெயர் வந்தது. அனுப்பியவர் இன்டர்லாக்கனில் ஹோட்டல் குசினி ஒன்றில் வேலை செய்கிறாராம். கோப்பை கழுவுகிற இடத்தால் நடந்து நடந்து காலில் போட்ட சப்பாத்து காய்வதேயில்லையாம். நோபேட் பரவசப்பட்டான். "பார், இதுதான் பேர்! ஆர், எவர், ஒண்டும் தெரியாது. மனுசன் மட்டும் தெரியுது!"

அரைப்பாணும் ஈரச்சப்பாத்தும் கூட்டாளிகளானார்கள். துரும்புச் சீட்டு எதுவென்று எதிராளி யோசிக்க முதலே இவர்கள் ஆட்டத்தை முடித்திருப்பார்கள். சீட்டுக்கு நடுவே கதைத்தார்கள். பிறகு கதைக்கு நடுவே சீட்டு விளையாடினார்கள். பிறகு ஒரு லீவு நாளில் இரண்டு பேரும் ரயிலேறி, பாதி வழியில் பேர்ண் ஸ்டேஷனில் சந்தித்துக் கோப்பி குடித்தார்கள். கோப்பி பலமுறை தொடர்ந்தது.

"அண்ணா, நான் ஈரச்சப்பாத்தைக் கலியாணம் முடிக்கப் போறன்," என்றாள் யூஜினி ஒருநாள், அயர்ன் பண்ணிக்கொண்டே. "பேர் ஜெனிஸ்ரன். வாற ஞாயிறு பூசைக்குப் பிறகு உன்னைப் பார்க்க வாறார்."

நோபேட் கதிரையிலிருந்து துள்ளி எழுந்தான். "என்ரை சட்டம் ஒரு குடும்பத்தையே உண்டாக்கிப்போட்டுது! மைக்கலுக்குச் சொல்லவேணும்." தங்கையின் தோளில் தட்டினான். பிறகு இருந்தான். பிறகு மேசையில் இல்லாத பாண் துகளைத் தட்டிவிட்டான்.

"அது சரி... பெடியன் எவடம்?"

"இன்டர்லாக்கன்."

"அதில்லை. ஊரில."

"கேக்கேல்லை."

"என்ன, கேக்கேல்லையோ? இவ்வளவு நாளாய்க் கதைச்சு, கோப்பி குடிச்சு, ஊர் கேக்கேல்லையோ?"

"கேட்டா வெளியே எண்டு நீதானே சட்டம் போட்டனி."

"ஐயோ, அது விளையாட்டுக்கடி!"

சொன்ன பிறகுதான் நோபேட்டுக்குத் தன் வாயிலிருந்து வந்தது என்னவென்று கேட்டது. உடனே சமாளித்தான். தனக்கு இல்லையாம், ஊரில் அம்மா கேட்பாவாம், அம்மாவுக்குச் சொல்ல ஏதாவது வேண்டுமாம், சும்மா, ஒரு இதுக்காம்.

யூஜினி அயர்ன் பெட்டியின் வயரைக் கழற்றிவிட்டு அவனுக்கு முன்னால் வந்து நின்றாள்.

"எனக்கு இந்த நாட்டில நீ ஒருத்தன்தான் சொந்தம் அண்ணா. நீ எனக்குப் பக்கத்தில நிண்டுதான் நான் தாலி கட்டிக்கொள்ளவேணும் எண்டு ஆசை. ஆனா ஞாயிற்றுக்கிழமை நீ அந்த மனுசனிட்டை ஊரோ பங்கோ கேட்டியெண்டா, நான் அப்பிடியே கோட்டைப் போட்டுக்கொண்டு அவரோடை வெளிக்கிட்டிடுவன். கலியாணத்துக்கு உனக்குச் சொல்லவும் மாட்டன்."

"கேக்கமாட்டன். நானோ? நான் கேப்பனோ?"

"நீ சனத்தின்ரை பேரிலயிருந்து ஊரை வெட்டினாய். சாதி பேரில இருக்கேல்லை அண்ணா, கேக்கிறவன்ரை வாயில இருக்கு. அடுத்தவையைத் திருத்துறது பெரிய காரியமில்லை. தன்ரை வீட்டுக்குள்ள ஒரு கலியாணம் வரேக்கை வாயை மூடிக்கொண்டிருக்கிறவன்தான் திருந்தினவன்."

நோபேட்டுக்கு அந்த வசனம் மிகவும் பிடித்துப்போயிற்று. இணையத்தளத்தின் முகப்பில் போடலாமென்று நினைத்து, அன்றைக்கே மைக்கலுக்கு அனுப்பினான். தான் சொன்னதாக.

ஞாயிற்றுக்கிழமை ஜெனிஸ்ரன் வந்தான். காய்ந்த சப்பாத்தோடும் ஒரு கேக்கோடும் வந்தான். கதவடியில் சப்பாத்தைக் கழற்றி ஒழுங்காக வைத்தான். யூஜினி சொன்ன பகிடிக்குச் சத்தமில்லாமல் தோள் குலுங்கச் சிரித்தான். மீன் குழம்பை ருசி பார்த்து, "அண்ணை, புளி இன்னும் கொஞ்சம் விட்டிருக்கலாம்," என்று உள்ளதைச் சொன்னான். நோபேட்டுக்கு அவனைப் பிடித்துவிட்டது. உண்மையாகவே பிடித்துவிட்டது. அதுதான் வில்லங்கம். பிடிக்காத ஆளென்றால் ஊரைப் பற்றி யாருக்கு என்ன கவலை?

சாப்பாடு முழுக்க நோபேட் கேட்கவில்லை. சம்பளம் கேட்கவில்லை, வயது கேட்கவில்லை. சுவிஸ் காலநிலை, ஹோட்டல் முதலாளியின் குணம், பனியில் டயர் மாற்றும் முறை என்று பாதுகாப்பான பாதையிலேயே பேச்சை ஓட்டினான். கேள்வி ஒவ்வொரு முறையும் தொண்டை வரைக்கும் வந்தது. ஒவ்வொரு முறையும் அதை ஒரு கவளம் சோற்றோடு விழுங்கினான். வழமையைவிட இரண்டு மடங்கு சாப்பிட்டிருந்தான். தங்கை அவனை நன்றியோடு பார்த்தாள். அந்தப் பார்வையில் தான் ஓர் அரை அடி வளர்ந்ததாகவும் அவனுக்குத் தோன்றியது.

"தேத்தண்ணி போட்டுக்கொண்டு வாறன்," என்று யூஜினி எழுந்து குசினிக்குள் போனாள்.

இப்போது மேசையில் இரண்டு பேர். ஜெனிஸ்ரன் கேக்கை வெட்டி நோபேட்டின் சாப்பாட்டுக் கோப்பையில் பெரிய துண்டாக வைத்தான். நோபேட் கேக்கைப் பார்த்தான். ஜெனிஸ்ரனைப் பார்த்தான். ஊர் கேட்கமாட்டேன் என்று தங்கைக்குச் சொல்லியிருந்தான். ஊர் கேட்கப் போவதில்லை. பங்கு கேட்கமாட்டேன் என்றும் சொல்லியிருந்தான். பங்கும் கேட்கப் போவதில்லை. கொடுத்த வாக்கைக் காப்பாற்றுகிற மனிதன் அவன்.

கதிரையைச் சற்று முன்னுக்கு இழுத்தான். தலையைச் சரித்தான்.

"அப்ப ஜெனிஸ்ரன்," என்றான், குரலைத் தாழ்த்தி, மிகுந்த பக்தியோடு. "ஊரில உங்கடை கோயில் திருநாள்... எந்த மாதம் வாறது?"

குசினியில் தேத்தண்ணி ஆற்றிக்கொண்டிருந்த சத்தம் நின்றது.