மடங்காத முழங்கால்

"உள்ளதச் சொல்லுங்கம்மா, போதும். கூட்டவும் வேணாம், கொறைக்கவும் வேணாம்" என்று வக்கீல் ராஜாராம் படித்துப் படித்துச் சொன்னார். நான் என்ன பச்சைப்பிள்ளையா? சரி சரி என்று தலையாட்டினேன்.

1978 மழைக்காலத்தில், போடிமெட்டு மலை இறக்கத்தில், ஏலத்தோட்ட வேலை முடிந்து நாங்கள் திரும்பி வந்த ஜீப்பை எதிரே வந்த லாரி இடித்து உருட்டிவிட்டது. என் வலது முழங்கால் நொறுங்கிப்போனது. கட்டுப் பிரித்த பிறகும் மடங்கவில்லை. ஏலக்காய் செடியின் அடித்தூரில்தான் காய்க்கும். குந்தி உட்கார்ந்துதான் எடுக்க வேண்டும். கால் மடங்காதவளுக்கு எந்த எஸ்டேட்காரன் கூலி கொடுப்பான்? புருஷன் போய்ச் சேர்ந்துவிட்டான். மகன் காமராஜ் சம்பாத்தியம் அவனுக்கே பத்தாது.

நஷ்டஈடு கேட்டு மதுரை கோர்ட்டில் வழக்கு. வைத்தியச் செலவுக்கும் பட்ட வலிக்கும் கொஞ்சம்தான் போடுவார்களாம். பெரிய தொகை இனிமேல் கைவிட்டுப் போகப்போகிற கூலிக்குத்தான். என் வயசு, வாங்கின கூலி, எவ்வளவு வேலை முடியாமல் போயிற்று என்பதை வைத்து ஜட்ஜ் தீர்மானிப்பார் என்று வக்கீல் விளக்கியிருந்தார்.

எல்லாம் சரி. ஆனால் எனக்காகச் சாட்சி சொல்ல வந்திருந்தவர் சிலமலை ஊர்க்காரர் அழகுமலை அண்ணன். அதே ஜீப்பில் வந்து, என்னைத் தூக்கிக்கொண்டு ஓடியவர். அவர் மகளைத்தான் காமராஜுக்குப் பேசியிருந்தோம். கால் தேறிவிட்டது என்று அவரிடம் சொல்லிவைத்திருந்தேன். அவர் வீட்டுக்கு வரும்போதெல்லாம் கட்டிலை விட்டு எழுந்திருக்கவே மாட்டேன். நொண்டி மாமியாருக்குச் சேவகம் பண்ணவா பெண் கொடுப்பார்கள்?

லாரிக்காரன் தரப்பு இன்சூரன்ஸ் கம்பெனி வக்கீல் நயமாகத்தான் கேட்டார்.

"இப்ப மலைக்கு வேலைக்குப் போறீங்களாம்மா?"

அண்ணன் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"போறேன்."

"குந்திக் காய் எடுக்க முடியுதா?"

"முன்ன மாதிரியே எடுக்கிறேன். எனக்கென்ன கேடு?"

ராஜாராம் முகம் செத்துப்போனது.

அடுத்து அண்ணன் கூண்டேறினார். "அடிபட்ட பெறகு அந்தம்மா மலையேறவே இல்லீங்க" என்றார்.

"அவங்களே போறேன்னு சொல்லிட்டாங்க. அப்ப நீங்க பொய்ச்சாட்சியா?" என்று மடக்கினார் கம்பெனி வக்கீல்.

ஊர்க்கூட்டத்தில் நாலு பேர் வாயை அடைக்கிற மனிதர். தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டு இறங்கினார்.

சாப்பாட்டு நேரத்துக்குக் கோர்ட்டு கலைந்தது. அண்ணன் என்னைத் திரும்பியும் பார்க்காமல் வாசலில் நின்ற டவுன் பஸ்ஸில் ஏறிவிட்டார். நானும் போய்க் கம்பியைப் பிடித்தேன். படி உயரம், கால் வரவில்லை. ஏறுகிறாயா இல்லையா என்று கண்டக்டர் விசிலை வாயில் வைத்துக்கொண்டு நின்றார். வெட்கமும் அழுகையும் சேர்ந்து வந்தன.

"அண்ணே, என்னால ஏற முடியல."

அவர் இறங்கிவிட்டார். பஸ் போனது.

"இத அங்கன சொல்றதுக்கென்ன தங்கச்சி?"

"சொன்னா உங்க மகளக் குடுக்கமாட்டீகன்னுதான்."

"ஒன்னயத் தூக்கிட்டு ஓடுனவன் நான். முழங்காலு இருந்த லட்சணம் எனக்குத் தெரியாதா? தெரிஞ்சுதான சம்பந்தம் பேசுனேன். இன்னைக்கு அத்தன பேரு முன்னாடி என்னையப் பொய்யனாக்கிட்டியே."

செருப்பால் அடித்திருந்தால்கூடத் தாங்கியிருப்பேன்.

"அப்ப கல்யாணம்?" என்றேன் மெதுவாக.

"அத என் மககிட்டயும் ஒரு வார்த்த கேக்கணும். இனி அவ என்ன சொல்லுவாளோ. நீ வெரசா வா, வக்கீல் போயிரப் போறாரு."

ராஜாராம் எப்படியோ மன்றாடி, மத்தியானம் என்னை மறுபடி கூண்டில் ஏற்றினார்.

"காலையில சொன்னது பொய்யா?" என்று கேட்டார் ஜட்ஜ்.

"ஆமாங்கய்யா. மகனுக்குப் பாத்த பொண்ணு கைவிட்டுப் போயிருமேன்னு சொல்லிட்டேன்."

அவர் பேனாவைக் கீழே வைத்தார். "எங்க, காய் எடுக்கிற மாதிரி உக்காருங்க பாப்போம்."

கூண்டுக் கம்பியைப் பிடித்துக்கொண்டு குந்தப் பார்த்தேன். பாதியிலேயே முழங்கால் நின்றுவிட்டது. கோர்ட்டு முழுக்க என்னைப் பார்த்தது.

"முடியலைங்கய்யா" என்றேன், கடைசி பெஞ்சில் இருந்த அழகுமலை அண்ணன் காதில் விழும்படி.