யார் ஜெபம் பண்ணுவது

ஓய்வுபெற்ற பேராயருக்கு மறுநாள் காலை இதயத்தில் அறுவைச் சிகிச்சை. நான்காம் மாடியில் தனி அறை கொடுத்திருந்தார்கள். பெயருக்கு முன்னாலும் பின்னாலும் வரவேண்டிய பட்டங்கள் எல்லாம் விட்டுப்போய், கதவில் 412 என்று மட்டும் ஒட்டியிருந்தது. அதைப் பார்த்தபோதே அவருக்குப் பாதி நோய் வந்துவிட்டது.

சாதாரண ஆளா அவர்? முப்பத்தெட்டு வருட ஊழியம். அதில் கடைசிப் பதினொரு வருடம் பேராயர். ஆண்டவருடைய சித்தத்தாலும் மூன்று கமிட்டித் தலைவர்களுடைய தயவாலும் நான்காம் சுற்று வாக்கெடுப்பில் ஜெயித்தவர். இருபத்தாறு சுவர்களில் அவர் பெயர் சலவைக்கல்லில் இருக்கிறது. அதில் ஒன்று விடுதிக் கழிப்பறை. அதைத் திறந்துவைத்து ஒன்பது நிமிடம் ஜெபித்தார்.

இப்போது அவருக்குப் பயமாக இருந்தது. யாராவது தலையில் கைவைத்துத் தனக்காக நாலு வார்த்தை ஜெபித்தால் போதும். மனைவி இருந்தவரை அந்த வேலையை அவள் பார்த்துக்கொண்டாள். காலையில் அவர் கிளம்பும்போது சமையலறை ஈரக்கையைத் தோளில் வைத்து ஏதோ முணுமுணுப்பாள். “அங்கி நனையுது” என்பார் இவர். அவள் போய் நாலு வருடம். அதன்பின் அவரைத் தொட்டவர்கள் முடிவெட்டுபவரும் மருத்துவரும்தான்.

கேட்டால் செய்யமாட்டார்களா என்றால், அங்கேதான் சிக்கல். மூத்தவர் இருக்கிற இடத்தில் இளையவர் ஜெபிப்பதில்லை என்பது சபை வழக்கம். அதை இரும்பாக இறுக்கியவர் இவரே. ஒரு வீட்டுப் பிரதிஷ்டையில் புதுப் போதகர் ஒருவர் இவரைக் கேட்காமல் ஜெபத்தை ஆரம்பித்துவிட்டார். அது முடியும்வரை பேராயர் கண்ணை மூடவேயில்லை. மறுவாரம் அந்தப் போதகருக்கு ஒரு கடிதம் போனது. கடிதத்தைவிட வேகமாகக் கதை போனது.

மூன்று மணிக்கு நாலு போதகர்கள் ஒரே வேனில் வந்தார்கள்.

“ஐயா முகத்துல களை கொஞ்சமும் குறையல.”

“படுத்திருந்தாலும் ஐயா ஐயாதான்.”

பேசி முடித்து எழுந்தார்கள். “ஐயா ஒரு வார்த்தை ஜெபம் பண்ணினீங்கன்னா கிளம்பிடுவோம்.”

“இன்னைக்கு உங்கள்ல யாராவது...” என்று இழுத்தார்.

“உங்க முன்னாலயா? நல்லா சொன்னீங்க ஐயா.” நால்வரும் பெரிய நகைச்சுவையைக் கேட்டதுபோல் சிரித்தார்கள். தலையையும் தாழ்த்திவிட்டார்கள். அவர்களுடைய பயணத்துக்காகவும் பிள்ளைகளின் பரீட்சைக்காகவும் வேனுக்காகவும் பேராயர் ஜெபித்தார்.

நாலரைக்கு இப்போதைய பேராயர் புகைப்படக்காரரோடு வந்தார். “அண்ணே, நீங்க இருக்கும்போது நான் வாயைத் திறக்கலாமா?” என்றார். வரப்போகும் ஆலோசனைக் கூட்டத்துக்காக இவர் ஜெபித்தார். படம் நன்றாக வந்ததாம்.

ஐந்து மணிக்குத் தூரதேசத்திலிருந்து மகள் பேசினாள். “நாளைக்கு உங்க மாப்பிள்ளைக்கு இன்டர்வியூப்பா. நீங்க ஜெபிச்சா கிடைச்சிடும்.”

அதற்கும் ஜெபித்தார்.

பார்வை நேரம் முடியப் பத்து நிமிடம் இருக்கும்போது, ‘மூட்டை’ என்று சபையில் எல்லோரும் கூப்பிடும் போதகர் வந்தார். இறையியல் கல்லூரியில் பேராயருடைய அறைத்தோழர். வாக்கெடுப்பில் இவருக்கு எதிராகப் பேசியவர். ஜெயித்ததும் பேராயர் அவரை ஒன்பது வருடத்தில் ஏழு ஊருக்கு மாற்றினார். கட்டிய சாமானைப் பிரிக்கவே நேரமில்லாததால் வந்த பெயர் அது.

வணக்கம் சொல்லவில்லை. நாற்காலி இருக்கக் கட்டிலில் உட்கார்ந்தார்.

“பயமா இருக்கா?”

“ஆண்டவர் பாத்துப்பார்.”

“அது எனக்கும் தெரியும். உன்னைக் கேட்டேன்.”

பேராயர் ஜன்னலைப் பார்த்தார். “இருக்கு.”

“கண்ணை மூடு.” அனுமதி கேட்காமல் மூட்டை அவர் தலையில் கையை வைத்தார். கை கனமாக இருந்தது.

“ஆண்டவரே, இவன் எப்படிப்பட்டவன்னு உமக்குத் தெரியும். கூடத் தங்கினதால எனக்குக் கொஞ்சம் கூடுதலாவே தெரியும். முதல்ல என்னை ஆத்துக்கு அந்தப் பக்கம் போட்டான். எட்டே மாசம். அடுத்து, பொண்ணு பத்தாவது பரீட்சை எழுத ஒரு மாசம் இருக்கும்போது மாத்தினான். பிள்ளை தோத்துப்போச்சு. அதை நான் இன்னும் மன்னிக்கல. மன்னிச்சிட்டேன்னு உம்மகிட்ட பொய் சொல்லிட்டு இவனுக்காகக் கேட்க முடியாது.”

அந்தப் பெண் தோற்றது பேராயருக்குத் தெரியாது. கண்ணைத் திறக்கப் போனவர் இறுக்கி மூடிக்கொண்டார்.

“ஆனா இவன் போயிட்டா நான் யாரோட சண்டை போடுறது? டாக்டர் கை நடுங்காம பாத்துக்கும். மூணாவது ஊர்ல...”

மணி அடித்தது. காவலாளி கதவைத் தட்டி எட்டிப்பார்த்தார். “சார், டைம் ஆச்சு.”

“இன்னும் நாலு ஊர் இருக்கு” என்றார் மூட்டை, கண்ணைத் திறக்காமலே.

“ரூல்ஸ் சார். கிளம்புங்க.”

தலையிலிருந்த கை நகர்ந்துவிடுமோ என்று பேராயர் கழுத்தைக்கூட அசைக்கவில்லை.

“அவரை விடுங்க தம்பி” என்றார் தாழ்ந்த குரலில். “எல்லா ஊரையும் சொல்லட்டும்.”